சாக்பீஸ் கணக்கு

முந்தாநாள் ஊறப்போட்ட கொண்டைக்கடலையில் பாதி மீந்திருந்தது. பாலக்கீரையும் ஒரு கட்டு கிடந்தது. காய்ந்துபோன ரொட்டித் துண்டுகளை எண்ணெயில் பொரித்தெடுத்தேன். அதே எண்ணெயில் பூண்டைத் தட்டிப் போட்டு, சீரகத்தைப் பொடித்துத் தூவினேன். வாசனை கூடத்தை எட்டியதும், பேப்பர் படித்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் தலையைத் தூக்கினார். "செவியாவா?" என்றார்.

எங்கள் வீட்டில் அந்தக் கூட்டுக்கு அதுதான் பெயர். ஸ்பெயினின் தெற்கே, அந்தலூசியாவின் தலைநகரம் செவியா. கீரையும் கடலையும் சேர்ந்த இதை அங்கே ‘எஸ்பினாகாஸ் கோன் கர்பான்சோஸ்’ என்பார்கள். பொரித்த ரொட்டியையும் பூண்டையும் உரலில் இடித்துச் சேர்த்து, கொஞ்சம் வினிகர் விட்டு, கீரையும் கடலையும் ஒட்டிப் பிடிக்கும் பதத்தில் இறக்குவார்கள். உள்ளங்கை அகலத் தட்டில் வரும். நின்றுகொண்டே சாப்பிடலாம். கீரை, அரபியர் அந்த மண்ணுக்குக் கொண்டுபோனது. மேலே தூவும் சிவப்பு மிளகாய்த்தூளோ அமெரிக்காவிலிருந்து கப்பலேறி வந்தது. அந்தக் கப்பல்கள் கரைசேர்ந்த ஆற்றுத் துறைமுகமே செவியாதான். ஒரு சின்னத் தட்டுக்குள் இவ்வளவு தூரம் இருக்கிறது.

நான் அதை முதன்முதலாகச் சாப்பிட்டது ஒரு மதுக்கடையில். இதை எழுத எனக்கு இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது.

பையன் அப்போது மாட்ரிடில் வேலைக்குச் சேர்ந்து கொஞ்ச காலம்தான். எங்களை வரவழைத்திருந்தான். அவனுக்கு லீவு கிடைக்கவில்லை என்பதால் செவியாவுக்கு எங்கள் இரண்டு பேரை மட்டும் ரயிலேற்றிவிட்டான். இரண்டரை மணி நேரத்தில் கொண்டுபோய் விட்டுவிடும் அதிவேக ரயில். அது கிளம்பப் போகும் நேரத்தில்தான் விஷயத்தைச் சொன்னான். மறுநாள் சாயங்காலம் எங்கள் பேரில் ஒரு நடைச்சுற்றுலாவுக்குப் பணம் கட்டியிருக்கிறானாம். ஒரு வழிகாட்டி கூட வருவார், நாலு கடை, ஒவ்வொரு கடையிலும் ‘தபாஸ்’ என்கிற ஒரு சின்னத் தட்டு, ஒரு கோப்பை.

"நாலு பார்ல ஏறி இறங்கவா இவ்வளவு தூரம் வந்தோம்?" என்றார் இவர்.

"போய்ப் பாருங்கப்பா. நம்ம ஊரு பார் மாதிரி இல்ல. அது சாப்பாட்டுக் கடைதான்."

இவர் அரசுப் பள்ளியில் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். சுத்த சைவம். ஒரு துளி தொட்டவரில்லை. கல்யாண வீட்டில் மாடிப் பக்கம் நாலு பேர் ஒதுங்குவது தெரிந்தால், மொய்யை எழுதிவிட்டுச் சாப்பிடாமல் கிளம்பிவிடுவார். கட்டிய பணம் வீணாகக் கூடாது என்று மட்டும்தான் அன்று சம்மதித்தார். எனக்கும் போக மனமில்லை. என் காரணம் வேறு. அதை அவரிடம்கூட அதுவரை முழுசாகச் சொன்னதில்லை.

ஏப்ரல் மாதத் தொடக்கம். செவியாவின் தெருக்களில் 40,000-க்கும் மேற்பட்ட நாரத்தை மரங்கள் இருக்கின்றன. கசப்பு ஆரஞ்சு என்றும் சொல்லலாம். பழத்தை அப்படியே யாரும் சாப்பிட மாட்டார்கள். மார்மலேடுக்காக இங்கிலாந்துக்குப் போவதும் உண்டு. ஆனால் பூ இருக்கிறதே, அது ஊரையே தன் வசம் வைத்துக்கொள்கிறது. விடுதிக் கதவைத் திறந்தால் வாசனை. தேவாலயத்துக்குள் போனால் அங்கும் வாசனை. புனித வாரம் நெருங்கிக்கொண்டிருந்ததால் ஊர்வலம் போகும் தெருக்களில் பலகை இருக்கைகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். மிட்டாய்க் கடைகளில் தோர்ரிஹா வந்துவிட்டிருந்தது. பாலிலோ ஒயினிலோ ஊறவைத்த ரொட்டியைப் பொரித்துத் தேனில் போட்ட இனிப்பு அது.

எட்டு மணிக்குக் கூடச் சொன்னார்கள். அப்போதும் பகல் வெளிச்சம் இருந்தது. 1940-ல் பிராங்கோ ஆட்சி கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் நகர்த்தியது, திரும்ப நகர்த்தவே இல்லை. அதனால் அங்கே இருட்டுவதும் தாமதம், சாப்பிடுவதும் தாமதம். வழிகாட்டி முப்பது வயதுக்குள் இருக்கும் ஒரு பெண். ஆற்றுக்கு அந்தப் பக்கம் திரியானாவில் பிறந்து வளர்ந்தவள். கூட வந்தவர்களில் ஓர் ஆஸ்திரேலியத் தம்பதி, இரண்டு அமெரிக்க நர்சுகள், தனியாக வந்த டச்சுக்காரப் பெரியவர் ஒருவர். இவர் தயங்கித் தயங்கி ஆங்கிலத்தில், தான் இறைச்சியும் மீனும் சாப்பிடுவதில்லை, குடிப்பதும் இல்லை என்றார். அந்தப் பெண் கைப்பையிலிருந்து சின்ன நோட்டை எடுத்துக் குறித்துக்கொண்டாள். "உங்களுக்குத் தனித் தட்டு வரும். குடிக்க டானிக் வாட்டர். எங்கள் தாத்தாவும் அதைத்தான் குடிப்பார்" என்றாள். எங்களை ஒதுக்கியும் வைக்கவில்லை, தாங்கவும் இல்லை. இவர் முகம் அப்போதே கொஞ்சம் இளகியது.

முதல் கடை பேராலயத்துக்குப் பக்கத்துத் தெருவில், காசா மொராலெஸ். 1850-ல் தொடங்கியது. உள்ளறையில் ஆள் உயரத்தையும் தாண்டிய மண்தாழிகள் வரிசையாக நின்றன. ஒரு காலத்தில் ஒயினை அவற்றில்தான் நிரப்பி வைத்தார்களாம். நடுவில் ஓரிரு மேசைகள். மற்றபடி எல்லோரும் நின்றுகொண்டிருந்தார்கள். சுவரோரம், பீப்பாய் மேல், கதவுக்கு வெளியே ஜன்னல் விளிம்பில் என்று எங்கே இடம் கிடைக்கிறதோ அங்கே தட்டை வைத்துச் சாப்பிட்டார்கள். கடைக்காரர் ஒரு தட்டைக் கொண்டுவந்து வைத்ததும், காதில் செருகியிருந்த சாக்பீஸை எடுத்து மரப்பலகை மேலேயே விலையை எழுதினார். அடுத்த தட்டுக்கு அதன் கீழே இன்னொரு எண். கிளம்பும்போது கூட்டிச் சொல்லிவிட்டு ஈரத்துணியால் துடைத்துவிடுகிறார்.

வாழ்நாளெல்லாம் சாக்பீஸ் பிடித்தவர் இதைப் பார்த்துவிட்டார். அதற்குப் பிறகு அவரைப் பலகைப் பக்கத்திலிருந்து நகர்த்த முடியவில்லை. பக்கத்து ஆள்களின் கணக்கையெல்லாம் மனசுக்குள் கூட்டிக்கொண்டிருந்தார். "ஒண்ணை ஏழு மாதிரி எழுதுறாங்க பாரு. ஏழுக்கு நடுவுல குறுக்கே ஒரு கோடு" என்று என்னிடம் காட்டினார்.

மற்றவர்களுக்கு மன்சானியா வந்தது. குவாதல்கிவிர் ஆறு கடலில் கலக்கும் இடத்தில் சன்லூக்கர் என்றொரு ஊர். அங்கே மட்டும் முதிரும் வெளிர் ஒயின் அது. பீப்பாயை முழுசாக நிரப்பாமல் விட்டால் மேலே ஈஸ்ட் ஆடைபோல் படரும். கீழே இருக்கும் ஒயினைக் காற்றுப் படாமல் காப்பது அந்த ஆடைதான். பழைய பீப்பாயிலிருந்து கொஞ்சம் எடுப்பார்கள், எடுத்த அளவுக்கு அடுத்த பீப்பாயிலிருந்து ஊற்றுவார்கள், அதற்கும் அடுத்ததிலிருந்து. இப்படி வருஷக்கணக்கில் பழசும் புதுசும் கலந்துகொண்டே இருக்கும். புதுசுக்குப் பழசு தன் குணத்தைக் கொடுக்கிறது என்று அந்தப் பெண் சொன்னாள். கோப்பை மிகச் சிறியது. பீர்கூட அங்கே இருநூறு மில்லி கிளாஸில்தான் வருகிறது. அந்த ஊர் வெயிலில் பெரிய கிளாஸ் வைத்தால் பாதியிலேயே சூடாகிவிடும் அல்லவா.

தட்டில் ஆலிவ் காய்கள். ஆஸ்திரேலியக்காரர் கொட்டையைக் கையில் வைத்துக்கொண்டு எங்கே போடுவது என்று விழித்தார். கீழே போடச் சொன்னாள் வழிகாட்டி. தரையெல்லாம் ஆலிவ் கொட்டையும் இறால் தோலும் கசங்கிய காகிதத் துண்டும் கிடந்தன. ‘வருகைக்கு நன்றி’ என்று ஸ்பானிய மொழியில் அச்சடித்த வழுவழுப்பான துண்டுகள். தரையில் குப்பை கூடுதலாக இருந்தால் அந்தக் கடையில் சாப்பாடு நன்றாக இருக்கிறது என்று அர்த்தமாம். பொழுது சாய்ந்ததும் மரத்தூளோடு சேர்த்துக் கூட்டிவிடுவார்களாம். கடைகளுக்குள் புகைபிடிக்கக் கூடாது என்று சட்டம் வந்து அப்போது நாலு மாதம்கூட ஆகவில்லை. "போன வருஷம் வந்திருந்தால் இந்தத் தாழிகளை நீங்கள் புகைக்கு நடுவில்தான் பார்த்திருப்பீர்கள்" என்றாள்.

இவருக்குத் தனித் தட்டில் வந்தது காரட். வேகவைத்து, பூண்டும் சீரகமும் வினிகரும் போட்டு ஊறவைத்தது. ஒரு துண்டை வாயில் போட்டவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "சீரகம்!" என்றார், ஊர்க்காரரைச் சந்தித்துவிட்ட குரலில்.

அடுத்தது பேராலயத்தின் கிரால்தா கோபுரத்து நிழல் விழும் தெருவில் ஒரு சின்னஞ்சிறு கடை. பத்துப் பேர் நின்றால் நிரம்பிவிடும். அங்கே விசேஷம், நாரத்தைத் தோலை ஊறவைத்த இனிப்பு ஒயின். பக்கத்து மாவட்டமான வெல்வாவில் செய்வது. கோப்பையை என் முன்னால் வைத்ததும் அந்த வாசனை மேலே வந்தது. அம்மா நாரத்தங்காயைச் சுருள் சுருளாக வெட்டி உப்பு அடைத்து முற்றத்தில் காயவைப்பாள். அதே கசப்பு மணம்.

"ஏங்க, ஒரு வாய் குடிச்சுப் பாக்கட்டுமா?"

"உன் இஷ்டம். எங்கிட்ட ஏன் கேக்குற?"

குடித்தேன். இனிப்பு, அதன் பின்னால் கசப்பு, தொண்டையில் ஒரு சூடு. ஐம்பது வயதைத் தாண்டியவள், முதல் தடவையாக. அந்த ஒரு வாயை எழுதும்போதுகூட எனக்கு அது பெரிய காரியமாகத்தான் இருக்கிறது. எங்களுக்கு எதிரே ஒரு பாட்டி, வைர மோதிரம் போட்ட கையால் தள்ளுவண்டியில் இருந்த குழந்தையை ஆட்டிக்கொண்டே அதே ஒயினைக் கொஞ்சம் கொஞ்சமாக உறிஞ்சிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்துக் கோப்பையைச் சற்றே உயர்த்தினார்.

பிறகு வடக்கே நெடுநடை. அவ்வூரில் ஒரு கடையிலேயே நின்று பொழுதைக் கழிப்பதில்லை. ஒன்று சாப்பிட்டு ஒன்று குடித்துவிட்டு நடக்கிறார்கள். நடையில் பேச்சு வளர்கிறது, பசியும் திரும்ப வருகிறது. என்கார்னசியோன் சதுக்கத்தில், மரத்தால் கட்டிய மாபெரும் நிழற்பந்தலை அப்போதுதான் திறந்திருந்தார்கள். ஊர்க்காரர்கள் அதைக் ‘காளான்கள்’ என்று கூப்பிடுகிறார்கள். அதற்குக் கீழே ரோமானியர் காலத்து வீடுகளின் தரை. பந்தலடியில் நின்று அண்ணாந்து பார்த்துச் சண்டையிட்டுக்கொள்ளும் ஊர்ஜனம். பணத்தை இதிலா போடுவது என்று ஒரு கட்சி, பிரமாதம் என்று ஒரு கட்சி. வழிகாட்டியும் அவள் அம்மாவுமே எதிரெதிர்க் கட்சியாம்.

அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் எல் ரின்கோன்சியோ. 1670 முதல் இருக்கிற கடை. தஞ்சாவூரில் மராத்தியர் ஆட்சி தொடங்குவதற்கும் முன்னால். மேலே உத்தரத்தில் பன்றித் தொடைகள் வரிசையாகத் தொங்கின. ஒவ்வொன்றுக்கும் அடியில் கொழுப்பு சொட்டாமல் இருக்க ஒரு குட்டிக் கிண்ணம். இவர் அண்ணாந்து பார்க்காமல் இருக்கப் பெரும்பாடு பட்டார். அதைக் கவனித்த வழிகாட்டி, இந்த ஊரில் பன்றியைச் சாப்பிட மறுத்ததாலேயே விசாரணைக்கு இழுக்கப்பட்டவர்கள் இருந்தார்கள் என்றாள். மதத் தீர்ப்பாயம் 1481-ல் இங்கேதான் வேலையைத் தொடங்கியது. யூதரா, முஸ்லிமா என்று வேவு பார்க்க, என்ன சாப்பிடுகிறார்கள் என்பதும் ஓர் அடையாளம். அந்தத் தீர்ப்பாயம் இருந்த கோட்டை திரியானாவில், அவள் பிறந்த தெருவுக்குப் பக்கத்தில். இப்போது அதன் மேல் காய்கறிச் சந்தை நடக்கிறது. சொல்லிக்கொண்டே இவர் முன்னால் ஒரு தட்டை நகர்த்தி வைத்தாள். கீரையும் கடலையும்.

ஆவி மேலெழுந்தது. பூண்டு, சீரகம், வெந்த கடலை, பக்கத்திலிருந்த யாருடைய கோப்பையிலிருந்தோ சாராய நெடி. நான் பலகையைப் பிடித்துக்கொண்டேன்.

1971-ல் தமிழ்நாட்டில் மதுவிலக்கைத் தள்ளிவைத்தபோது எனக்குப் பத்துப் பதினோரு வயது இருக்கும். எங்கள் ஊர் வாய்க்கால் கரையில் ஒரு கீற்றுக் கொட்டகை முளைத்தது. என் சித்தப்பா பம்புசெட்டு மோட்டாருக்கு வைண்டிங் கட்டுகிறவர். கை சுத்தம், வேலை சுத்தம். நடவு நேரத்தில் சுற்றுப்பட்ட ஊர்க்காரர்கள் எங்கள் வாசலில் காத்துக் கிடப்பார்கள். வெள்ளிக்கிழமைகளில் எனக்குக் கடலை மிட்டாய் வாங்கி வருவார். கொட்டகை வந்த பிறகு சாயங்காலங்களில் அவரைக் காணோம்.

அப்பாயி என்னைத்தான் அனுப்புவாள். "போயி உங்க சித்தப்பனக் கூட்டியா ஆயி. பொம்பளப்புள்ள வந்து நின்னா எந்திரிச்சு வந்துருவான்."

கொட்டகை வாசலில் ஒரு கிழவி சுண்டல் விற்பாள். பூண்டும் சீரகமும் தட்டிப் போட்ட கொண்டைக்கடலை, வாழைச்சருகில். உள்ளே ஆண்கள் நின்றுகொண்டிருப்பார்கள். யாரும் யார் முகத்தையும் பார்க்க மாட்டார்கள். கண்ணை மூடிக்கொண்டு ஒரே மடக்கு. முகம் கோணும். ஊறுகாயை நாக்கில் இழுத்துவிட்டு, துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியேறுவார்கள். கடன் வைத்தவர்களின் கணக்கு மண்சுவரில் கரிக்கோடுகளாக இருக்கும். என்னைப் பார்த்ததும் சித்தப்பா கிளாஸை வைத்துவிடுவார். காசு இருந்தால் ஒரு பொட்டலம் சுண்டல் வாங்கி என் கையில் கொடுப்பார். "நீ முன்னால போ ஆயி" என்பார். நானும் அவரும் சேர்ந்து நடப்பதை ஊர் பார்த்துவிடக் கூடாது என்று பத்தடி பின்னால் வருவார். நான் சுண்டலைத் தின்றுகொண்டே திரும்பித் திரும்பிப் பார்ப்பேன்.

வீட்டில் அவர் தட்டு திண்ணைக்குப் போய்விட்டது. அப்பாயி உத்தரவு. நெளிந்த அலுமினியத் தட்டு, அதில் சோறும் குழம்பும் ஒன்றாக ஊற்றி வைத்திருக்கும். பிள்ளைகள் யாரும் அந்தப் பக்கம் போகக் கூடாது. அவர் வெறும் வயிற்றில் குடித்துவிட்டு வருவார். வந்து, தெருவைப் பார்த்து உட்கார்ந்து இரண்டு வாய் தின்பார். மீதியை நாய்க்கு வைப்பார். ஒருத்தர்கூட அவரோடு உட்கார்ந்து சாப்பிட்டதில்லை. என் கல்யாணத்துக்கு முன்பே போய்விட்டார். நாற்பது வயதுகூட ஆகவில்லை.

செவியாவிலும் நின்றுதான் குடித்தார்கள். சுவரில் கரி, பலகையில் சாக்பீஸ், கணக்கும் அதே மாதிரிதான். அதே கடலை. எனக்குப் பக்கத்தில், சித்தப்பா இருந்திருந்தால் எந்த வயது இருக்குமோ அந்த வயதில் ஒரு பெரியவர் பேரனோடு நின்றுகொண்டிருந்தார். பேரன் எட்டிப் பார்க்க முடியாத உயரத்தில் பலகை. பெரியவர் ஒரு மடக்குக் குடிப்பார், ஒரு கரண்டிக் கீரையைப் பேரனுக்கு ஊட்டுவார், கடைக்காரரோடு கால்பந்து பேசுவார். உள்ளே வந்த ஒரு பாதிரியாருக்கு நகர்ந்து இடம் விட்டார். ஒளிக்க அங்கே எதுவும் இருக்கவில்லை. ஸ்பெயினில் குடியால் அழிந்த வீடுகள் உண்டு, எனக்குத் தெரியும். குடியை நியாயப்படுத்த என்னால் ஒருநாளும் முடியாது, அதன் விலையைப் பார்த்த வீடு எங்களுடையது. ஆனால் அந்தப் பெரியவரைப் பார்த்தபோது, சித்தப்பாவைக் கொன்றதில் சாராயத்துக்கு எவ்வளவு பங்கோ அதே அளவு பங்கு அந்தத் திண்ணைக்கும் இருக்கிறது என்று எனக்குத் தோன்றியது. இன்றைக்கும் அப்படித்தான் நினைக்கிறேன்.

நாலாவது கடைக்கு நடக்கும்போது இவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கல்யாணமாகி முப்பது வருஷத்துக்குக் கிட்ட ஆகியிருந்தது. குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டே வந்தார். கடைசியில், "சித்தப்பா பேரு என்ன?" என்று கேட்டார். சொன்னேன். நாலாவது கடையில் என்ன சாப்பிட்டோம் என்று எங்கள் இரண்டு பேருக்கும் நினைவில்லை. கரும்புப்பாகு ஊற்றிய கத்தரிக்காய் வறுவல் என்கிறார் இவர். எனக்கு அது மறுநாள் சாப்பிட்டதாகத் தோன்றுகிறது.

போன வருஷம் மறுபடி போனோம். இந்தத் தடவை பையன், மருமகள், பேத்தி எல்லோருமாக. ஊர் மாறித்தான் இருக்கிறது. கல் பாவிய சந்துகளில் பெட்டிச் சக்கரங்களின் சத்தம் ஓய்வதில்லை. குடியிருந்த வீடுகள் பலவும் சுற்றுலாக்காரர்களுக்கான வாடகை வீடுகளாகிவிட்டன என்று ஊர்க்காரர்கள் குறைப்படுகிறார்கள். நாங்கள் போன கடைகள் பலவற்றில் தரை பளபளவென்று இருந்தது. ஆலிவ் கொட்டைக்குத் தனிக் கிண்ணம் வருகிறது. உணவுப் பட்டியலைச் செல்போனைக் காட்டித்தான் பார்க்க வேண்டும் என்று சில கடைகளில் சொன்னார்கள். நின்று சாப்பிடுவதற்கே முன்பதிவு கேட்கிற இடமும் வந்துவிட்டது. எனக்கு இந்த மாற்றம் பிடிக்கவில்லை. முன்பின் தெரியாதவர் தோளில் இடித்து, மன்னிப்புக் கேட்டு, அப்படியே பேச்சுத் தொடங்குவதுதான் அந்தக் கடைகளின் உயிர். இடத்தை முன்பதிவு செய்துவிட்டால் யார் யாரை இடிப்பது?

எல் ரின்கோன்சியோவில் சாக்பீஸ் இருந்தது. இவருக்கு அது போதும். முழங்கால் வலி என்பதால் ஒரு முக்காலி கொடுத்தார்கள். அதைப் பலகைக்கு ஒட்டிப் போட்டு உட்கார்ந்துகொண்டு பேத்திக்குக் குறுக்குக் கோடு போட்ட ஏழைக் காட்டினார். பேத்திக்கு ஆரஞ்சு ஜூஸ், மருமகளுக்கும் எனக்கும் சோடா, இவருக்கு டானிக் வாட்டர். கடைக்காரர் பையனைப் பார்த்தார்.

பையன் குடிப்பான் என்பது எனக்குத் தெரியும். மருமகளுக்கும் தெரியும். இவருக்குத் தெரியுமா என்பது எங்கள் வீட்டில் யாரும் கேட்காத கேள்வி. எங்களோடு இருக்கும் நாள்களில் அவன் தண்ணீரைத் தவிர எதையும் தொட மாட்டான். சாப்பாட்டுக்கு முன்னால், நண்பரைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று ஒரு மணி நேரம் வெளியே போய்விட்டு, வாயில் ஏலக்காயோடு திரும்பி வருவான். அன்று ஒரு கணம் அப்பாவின் முதுகைப் பார்த்தான். பிறகு தாழ்ந்த குரலில், ஆனால் தெளிவாக, "ஊனா மன்சானியா" என்றான்.

கோப்பை வந்தது. பலகையில் ஓர் எண் ஏறியது. இவர் அந்த எண்ணைப் பார்த்தார், கோப்பையைப் பார்த்தார், பையனைப் பார்த்தார். மருமகள் பேத்தியின் தலைமுடியைச் சரிசெய்ய ஆரம்பித்தாள். இவர் தன் முன்னாலிருந்த கீரைத் தட்டை எடுத்து அவன் பக்கம் தள்ளினார்.

"வெறும் வயித்துல குடிக்காத. மொதல்ல இதச் சாப்பிடு" என்றார். பிறகு முக்காலியைக் கொஞ்சம் நகர்த்தி, அவனுக்கும் பலகையோரம் இடம் பண்ணிக் கொடுத்துவிட்டு, பேத்தியிடம் கணக்கை விட்ட இடத்திலிருந்து கூட்டச் சொன்னார்.